ரீசெட்டை அழுத்திக்கொண்டே அணையுங்கள்

1987-ல் அமெரிக்கக் கடைகளுக்குப் பொன்னிறத்தில் ஒரு வீடியோ கேம் கேசட் வந்தது. நின்டெண்டோவின் 'தி லெஜண்ட் ஆஃப் செல்டா'. மற்ற கேசட்டுகள் சாம்பல் நிறத்தில் இருந்த காலம் அது. நிறத்தைவிடப் பெரிய புதுமை உள்ளே இருந்தது. சர்க்யூட் பலகையின் மேல் நாணயம் போல ஒரு சின்ன பேட்டரி. நேற்று விட்ட இடத்திலிருந்து இன்று தொடரலாம். கன்சோலை அணைத்தாலும் விளையாட்டு உங்களை மறக்காது.

கூடவே வந்த கையேட்டில் கண்டிப்பான குறிப்பு ஒன்றும் இருந்தது. கன்சோலை அணைக்கும்போது ரீசெட் பொத்தானை அழுத்திப் பிடித்துக்கொண்டுதான் பவரை அணைக்க வேண்டும். சில ஆண்டுகள் கழித்து வந்த 'ஃபைனல் ஃபேண்டஸி' இதே எச்சரிக்கையைத் திரையிலேயே காட்டியது. ஜப்பானியப் பிள்ளைகளுக்கும் இது மனப்பாடம். உலகம் முழுக்க லட்சக்கணக்கான பிள்ளைகள், ஒரு விரல் ரீசெட்டிலும் மறுவிரல் பவரிலுமாக, சாமி விளக்கைக் குளிர வைக்கிற பக்குவத்தோடு கன்சோலை அணைத்தார்கள். ஏன் என்று யாரும் அவர்களுக்குச் சொல்லவில்லை. காரணம் மிக அழகானது.

செல்டா கேசட்டில் சேமிப்புக்கென இருந்த இடம் 8 கிலோபைட். எஸ்.ரேம் என்ற வகை நினைவகம். இதில் ஒவ்வொரு பிட்டையும் நான்கோ ஆறோ டிரான்சிஸ்டர்கள் சேர்ந்து காக்கின்றன. பூங்காவில் பிள்ளைகள் ஆடும் சீசா பலகையை நினைத்துக்கொள்ளுங்கள். ஒரு முனை மேலே போனால் மறுமுனை கீழே. ஒன்று மற்றதைப் பிடித்து நிறுத்துகிறது. இடது மேலே என்றால் 1, வலது மேலே என்றால் 0. இந்த நிலையை அப்படியே வைத்திருக்கத் துளி மின்சாரம் போதும், ஆனால் அந்தத் துளி இடைவிடாமல் வேண்டும். அதற்குத்தான் பேட்டரி. ஆக, கன்சோல் அணைந்த பிறகும் பேட்டரி உங்கள் விளையாட்டைத் தாங்குகிறது. அணையும் அந்தக் கணம்தான் கண்டம்.

விசையைத் தட்டியதும் மின்சாரம் கத்தியால் வெட்டியதுபோல் நின்றுவிடுவதில்லை. கன்சோலுக்குள் இருக்கும் மின்தேக்கிகளில் மிச்சம் இருக்கிறது. 5 வோல்ட் என்பது 4 ஆகி, 3 ஆகி, வடிந்துதான் பூச்சியத்துக்கு வரும். நம் கணக்கில் அது கண்ணிமைக்கும் நேரம்கூட இல்லை. ஆனால் அந்தக் கன்சோலின் செயலி வினாடிக்கு ஏறத்தாழ 18 லட்சம் முறை துடிக்கிறது. நூறில் ஒரு பங்கு வினாடி என்றாலே 18 ஆயிரம் துடிப்பு. மின்னழுத்தம் குறையக் குறையச் செயலிக்கு 1 எது, 0 எது என்று பிடிபடாது. கட்டளைகளைத் தப்பாகப் படிக்கும், போகக் கூடாத இடத்துக்குத் தாவும். ஜுரத்தில் பிதற்றுகிறவர் கையில் பேனா கிடைத்ததுபோல, அந்த நேரத்தில் சேமிப்பு நினைவகத்தில் எதையாவது கிறுக்கிவிட்டால், அந்தக் கிறுக்கலையும் பேட்டரி விசுவாசமாகக் காப்பாற்றும்.

ரீசெட் பொத்தான் அழுத்தப்பட்டிருக்கும் வரை செயலி ஒரு கட்டளையையும் நிறைவேற்றாது. கையைக் கட்டி உட்கார வைத்த மாதிரி. அந்த நிலையில் பவரை அணைத்தால், மின்சாரம் வடியும் நேரம் முழுக்கச் செயலி சும்மா இருக்கும், நினைவகம் பிழைக்கும். விளையாட்டை முதலிலிருந்து தொடங்குவதற்கான பொத்தான் என்று எல்லோரும் நினைத்த ஒன்று, விளையாட்டைக் காக்கும் பூட்டாக வேலை செய்தது. பிற்காலக் கேசட்டுகளில் மின்னழுத்தத்தைக் கவனிக்கும் தனிச் சில்லு ஒன்று சேர்ந்தது. அழுத்தம் ஓர் அளவுக்குக் கீழே இறங்கியதும் அது நினைவகத்தின் கதவைத் தானே சாத்திவிடும். அதோடு இரண்டு விரல் வேலை முடிந்தது.

செல்டா ஜப்பானில் முதலில் கேசட்டாக வரவில்லை. 1986 பிப்ரவரி 21-ல், நின்டெண்டோவின் ஜப்பானியக் கன்சோலான ஃபேமிகாமுக்கான வட்டு இயக்கியோடு சேர்ந்து, காந்த வட்டில் வந்தது. ஒரு பக்கத்துக்கு 56 கிலோபைட் கொள்ளும் அந்த வட்டில் படிக்கவும் எழுதவும் முடியும் என்பதால் சேமிப்பு ஒரு பிரச்சினையாக இல்லை. அந்த இயக்கி அமெரிக்காவுக்குப் போகவில்லை. அதனால்தான் அங்கே பேட்டரி தேவைப்பட்டது.

பேட்டரியும் வட்டும் இல்லாத விளையாட்டுகள் என்ன செய்தன? மனிதர்களின் நோட்டுப் புத்தகத்தையே நினைவகமாக்கிக்கொண்டன. அதே 1986-ல் ஜப்பானில் வந்த 'டிராகன் குவெஸ்ட்', ஆட்டத்தை நிறுத்தும்போது 20 எழுத்து மந்திரம் ஒன்றைக் கொடுக்கும். எழுதி வைத்துக்கொண்டு அடுத்த முறை உள்ளிட வேண்டும். 64 எழுத்துகளில் ஒன்று என்றால் ஓர் எழுத்துக்கு 6 பிட், 20 எழுத்துக்கு 120 பிட். வெறும் 15 பைட்டுக்குள் வீரனின் பெயர், கையிருப்புப் பொன், அனுபவப் புள்ளி, ஆயுதம் எல்லாம் அடக்கம். அதிலும் ஒரு பகுதி சரிபார்ப்புக்கு. மளிகைச் சீட்டின் அடியில் போடும் கூட்டுத்தொகை போல, எழுத்துகளைக் கூட்டிக் கழித்து வரும் ஓர் எண் பொருந்தினால்தான் மந்திரம் பலிக்கும். ஓர் எழுத்து பிசகினாலும் கதவு திறக்காது. ஜப்பானிய எழுத்தில் 'நு'வுக்கும் 'மெ'வுக்கும் ஒரு சுழிதான் வித்தியாசம். மங்கலான தொலைக்காட்சித் திரையைப் பார்த்து எழுதிய எத்தனை பிள்ளைகளின் ஒரு வார உழைப்பு அந்தச் சுழியில் போயிருக்கும்! அடுத்த ஆண்டு வந்த இரண்டாம் பாகத்தில் மந்திரம் 52 எழுத்து வரை நீண்டது. 1988-ல் வந்த மூன்றாம் பாகம்தான் அந்த வரிசையில் முதலில் பேட்டரிக்கு மாறியது. அதில் சேமிப்பு அழிந்தால் நெஞ்சை உலுக்கும் ஓர் இசை ஒலித்து, பதிவு போய்விட்டது என்ற செய்தி வரும். அந்த நாட்களில் விளையாடிய ஜப்பானியர்கள் அந்த இசையை இன்றும் மறக்கவில்லை.

நம் ஊர் நிலைமை வேறு. தொண்ணூறுகளில் தமிழ்நாட்டு வீடுகளுக்கு வந்தவை பெரும்பாலும் ஃபேமிகாமின் நகல்கள். நூற்றுக்கணக்கான விளையாட்டுகள் இருப்பதாக அட்டையில் போட்ட கேசட்டுகளில் பேட்டரி கிடையாது. மரியோவில் எவ்வளவு தூரம் போனாலும், மின்சாரம் போனால் முதல் கட்டத்திலிருந்துதான். ரீசெட் பொத்தானின் வேலை பட்டியலுக்குத் திரும்பி அடுத்த விளையாட்டைத் தேர்வது, அவ்வளவுதான். 'சேவ்' என்ற சொல்லே நம்மில் பலருக்குக் கணினி வந்த பிறகு அறிமுகமானது.

பேட்டரிக்கு ஆயுள் எவ்வளவு? இத்தகைய கேசட்டுகளில் பரவலாக இருந்த சி.ஆர்.2032 வகையைக் காரின் சாவியிலும் கணினியின் மதர்போர்டிலும் பார்த்திருப்பீர்கள். பெயரிலேயே அளவு இருக்கிறது: விட்டம் 20 மில்லிமீட்டர், தடிமன் 3.2 மில்லிமீட்டர். அதன் கொள்ளளவு சுமார் 220 மில்லி ஆம்பியர் மணி. நினைவகம் ஒரு மைக்ரோ ஆம்பியர் மட்டும் உறிஞ்சுவதாக வைத்துக்கொண்டால் 2,20,000 மணி நேரம், அதாவது 25 ஆண்டு. 1987-ன் கேசட்டுகளுக்கு அந்தக் கெடு எப்போதோ முடிந்துவிட்டது. 1999-ல் வந்த போக்கிமான் கோல்டு, சில்வர் கேசட்டுகள் இன்னும் சீக்கிரமே தளர்ந்தன. அவற்றில் பேட்டரிக்கு இரட்டைச் சுமை. நினைவகத்தோடு, விளையாட்டுக்குள் இரவும் பகலும் மாறுவதற்காக ஒரு கடிகாரத்தையும் அது ஓட்ட வேண்டியிருந்தது.

பேட்டரியை ஒழித்தது ஃபிளாஷ் நினைவகம். தோஷிபா நிறுவனத்தில் ஃபுஜியோ மசுவோகா எண்பதுகளில் உருவாக்கியது. இதில் ஒவ்வொரு செல்லிலும் சுற்றிலும் மின்காப்புப் படலம் போர்த்திய ஒரு சிறு தீவு உண்டு. உயர் மின்னழுத்தம் கொடுத்து எலெக்ட்ரான்களைப் படலத்தைத் தாண்டித் தீவுக்குள் தள்ளிவிட்டால், மின்சாரமே இல்லாமல் ஆண்டுக்கணக்கில் அவை அங்கேயே கிடக்கும். பிளேஸ்டேஷன் 1994-ல் வந்தபோது இந்த நினைவகத்தைத் தனி மெமரி கார்டாகக் கொடுத்தது. 128 கிலோபைட் கொண்ட அதில் 16 பகுதிகள். முதல் பகுதி பொருளடக்கத்துக்குப் போக, மீதி 15 நமக்கு. சட்டைப்பையில் போட்டு நண்பன் வீட்டுக்கு எடுத்துப்போகலாம். 1998-ன் 'மெட்டல் கியர் சாலிட்' விளையாட்டில் மனத்தைப் படிப்பதாகச் சொல்லும் ஒரு வில்லன், விளையாடுபவருக்கு எந்தெந்த விளையாட்டுகள் பிடிக்கும் என்று சொல்லி வியக்க வைப்பான். அவன் படித்தது மெமரி கார்டின் பொருளடக்கத்தை!

அந்தக் கார்டில் ஒரு சேமிப்பை அழித்தால் என்ன ஆகும் என்பதும் அறிய வேண்டியது. பொருளடக்கத்தில் 'இருக்கிறது' என்ற குறி 'அழிந்தது' என்று மாறும். விளையாட்டுத் தகவல் அப்படியே கிடக்கும், வேறொன்று அதன் மேல் எழுதப்படும் வரை. தவறுதலாக அழித்தவர் உடனே நிறுத்திக்கொண்டால் மீட்க வழி உண்டு. இன்றைய சாதனங்களில் இந்த நம்பிக்கை வேண்டாம். தகவல் சங்கேதமாக்கப்பட்டு உங்கள் கணக்கோடு பூட்டப்பட்டிருக்கும்.

ஃபிளாஷுக்கும் ஒரு பலவீனம் உண்டு. ஓர் எழுத்தை மட்டும் திருத்த முடியாது. பலகையின் ஒரு பகுதியை முழுக்கத் துடைத்துவிட்டுத்தான் புதிதாக எழுத வேண்டும். துடைத்தாகிவிட்டது, எழுதவில்லை, அதற்குள் மின்சாரம் போனால்? பழையதும் இல்லை, புதியதும் இல்லை. 'சேமித்துக்கொண்டிருக்கிறது, அணைக்காதீர்கள்' என்று திரை ஓரத்தில் சுழலும் குறியின் பொருள் இதுதான்.

இதற்குக் கண்ட தீர்வு நம் கடைக் கணக்குக்கு மிகப் பழையது. 2002-ன் போக்கிமான் ரூபி, சஃபையர் கேசட்டுகள் ஒரே விளையாட்டுக்கு இரண்டு பதிவிடங்களை வைத்துக்கொண்டன. ஒருமுறை ஒன்றில், அடுத்த முறை மற்றதில். ஒவ்வொன்றிலும் வரிசை எண்ணும் கூட்டுத்தொகையும் உண்டு. புதியது பாதியில் கெட்டுப்போனால், கூட்டுத்தொகை பொருந்தாததைக் கண்டு, விளையாட்டு முந்தைய பதிவுக்குப் போய்விடும். ஓர் அரை மணி நேர ஆட்டம் போகலாம், ஓர் ஆண்டு ஆட்டம் போகாது. இன்றைய சேமிப்பகங்களில் பல இன்னும் ஒரு படி மேலே போய், செய்யப்போவதை முதலில் ஒரு நாள்வழியில் குறித்துக்கொண்டு, பிறகே பேரேட்டில் ஏற்றுகின்றன. இடையில் விளக்கு அணைந்தால், மறுபடி எழுந்ததும் நாள்வழியைப் பார்த்துக் கணக்கை நேராக்கிக்கொள்ளும். மின்வெட்டுக்குப் பிறகு பிளேஸ்டேஷன் 4-ஐப் போட்டால், முறையாக அணைக்கவில்லை என்று சொல்லிச் சேமிப்பகத்தைச் சோதிக்கத் தொடங்குவதை நம் வீட்டுப் பிள்ளைகள் பலர் பார்த்திருப்பார்கள். கன்சோலின் கோபம் என்று நினைக்க வேண்டாம். அது கணக்கை நேராக்கும் நேரம். அப்போது மறுபடி பிளக்கைப் பிடுங்காமல் இருந்தால் போதும்.

ரீசெட் செய்வதைக் குற்றமாகவே பார்த்த விளையாட்டு ஒன்றும் உண்டு. 2001-ல் ஜப்பானில் தொடங்கிய 'அனிமல் கிராசிங்' வரிசையில், சேமிக்காமல் அணைத்துவிட்டு மறுநாள் வந்தால், ரெசெட்டி என்ற அகழெலி மண்ணைப் பிளந்துகொண்டு வந்து நீளமாகத் திட்டித் தீர்க்கும். நடந்ததை நடக்காததாக்கப் பார்க்கிறாயா என்பதுதான் அதன் வழக்கு. தானாகவே சேமித்துக்கொள்ளும் வசதியோடு 2020-ல் வந்த பாகத்தில் ரெசெட்டிக்கு அந்த வேலை போய்விட்டது.

இன்றைய ஆபத்து வேறு இடத்தில் இருக்கிறது. 'ரீசெட்' என்ற ஒரே சொல் இப்போது பல வேலைகளைக் குறிக்கிறது. விளையாட்டை மட்டும் முதலிலிருந்து தொடங்குவது ஒன்று. விளையாட்டை நீக்கிவிட்டு மறுபடி நிறுவுவது வேறு. கன்சோலையே கடையிலிருந்து வந்த நிலைக்குக் கொண்டுபோவது இன்னொன்று. பிளேஸ்டேஷன் 4-ன் பாதுகாப்புப் பயன்முறையில் 'ரீபில்டு டேட்டாபேஸ்' என்பது அலமாரியை அடுக்கி வைப்பது மாதிரி, சேமிப்பு போகாது. அதே பட்டியலில் உள்ள 'இனிஷியலைஸ்' வீட்டையே காலி செய்துவிடும். கன்சோல் மெதுவாக ஓடுகிறது என்பதற்காக இரண்டாவதை அழுத்தி, மூன்று ஆண்டு ஆட்டத்தை இழந்த பிள்ளைகள் உண்டு. நின்டெண்டோ ஸ்விட்சில் இன்னொரு பொறி. மெமரி கார்டு போட்டிருப்பதால் எல்லாம் அதில் பத்திரம் என்று தோன்றும். கார்டில் இருப்பது விளையாட்டுகள், படங்கள் மட்டும். நீங்கள் விளையாடிய பதிவு கன்சோலின் உள் நினைவகத்தில்தான் இருக்கிறது. கன்சோலை விற்கும்போது கார்டை எடுத்து வைத்துக்கொள்வதால் பயன் இல்லை. பிளேஸ்டேஷன் 4 விளையாட்டுகளின் சேமிப்பை ஒரு யு.எஸ்.பி. பென் டிரைவில் நகலெடுத்துக்கொள்ளலாம். சில நிமிட வேலை.

வீட்டில் பழைய பேட்டரிக் கேசட் யாரிடமாவது இருந்தால், பேட்டரியை மாற்றுவதற்காக அதைக் கழற்றும் முன் ஒன்றை நினைவில் வையுங்கள். பழைய பேட்டரி விலகும் கணத்தில் சீசா பலகைகள் அத்தனையும் சாய்ந்துவிடும், பதிவு போய்விடும். முதலில் கேசட் படிக்கும் கருவியால் சேமிப்பைக் கணினிக்கு நகலெடுத்துக்கொள்ளுங்கள். பேட்டரியை மாற்றிய பிறகு அதே பதிவைத் திரும்ப ஏற்றிவிடலாம்.