தாயாரின் கடிதங்களும் அயல்நகரின் தெருக்களும்

பிறந்த ஊரை விட்டு வெகுதொலைவில் வாழ்கின்ற நமக்கு, வீட்டிலிருந்து வரும் கடிதத்தின் அருமையை எவரும் எடுத்துரைக்க வேண்டுவதில்லை. அத்தகைய கடிதங்களை மட்டுமே பேச்சாகக் கொண்டு முழுநீளப் படமொன்று எடுக்க இயலுமா? இயலும் எனக் காட்டியவர் பெல்ஜிய நாட்டுப் பெண் இயக்குநர் ஷாந்தால் அக்கெர்மான் ஆவார். அப்படத்தின் பெயர் 'நியூஸ் ஃப்ரம் ஹோம்'. தமிழில் 'வீட்டுச் செய்திகள்' எனலாம்.

விவரணப் படம் என்றால், திரையில் ஒரு பொருள் தோன்ற, ஒரு குரல் அதனை விளக்கிச் செல்வதே பெருவழக்கு. காட்சியும் குரலும் இணைந்து நடத்தல் அதன் இலக்கணம். அக்கெர்மான் அவ்விரண்டையும் வேண்டுமென்றே பிரித்து வைத்தார்.

1950-ஆம் ஆண்டில் பிரஸ்ஸல்ஸ் நகரில் பிறந்த அவர், 1971-இல் நியூயார்க் சென்று சில காலம் தங்கினார். ஆஷ்விட்ஸ் வதைமுகாமிலிருந்து உயிர் மீண்டவரான அவருடைய தாயார், மகளுக்கு ஓயாமல் கடிதம் எழுதி வந்தார். உறவினரின் உடல்நலம், கடை வியாபாரம், பிறந்தநாள் கொண்டாட்டம், 'ஏன் அடிக்கடி எழுதுவதில்லை' என்னும் ஏக்கம் ஆகியனவே அவற்றில் நிறைந்திருந்தன. 1976-இல் அக்கெர்மான் மீண்டும் அந்நகரம் சென்று, ஒளிப்பதிவாளர் பாபெத் மாங்கோல்த்தின் துணையுடன் தெருக்களையும் சுரங்க ரயில் நிலையங்களையும் நீண்ட காட்சிகளாகப் படம்பிடித்தார். அவற்றின்மீது தாயாரின் கடிதங்களைத் தம் குரலிலேயே, ஏற்ற இறக்கமின்றி வாசித்தார்.

படத்தில் தாயாரின் முகம் இல்லை. அவர் வாழ்ந்த வீடும் இல்லை. மகள் எழுதிய மறுமொழி ஒன்றேனும் நம் செவிக்கு எட்டுவதில்லை. போதாக்குறைக்கு, ரயிலின் இரைச்சலும் மோட்டார் வண்டிகளின் ஓசையும் அக்குரலை இடையிடையே விழுங்கிவிடுகின்றன. வேற்றூர் சென்றோரின் உள்ளநிலை இதுவே அன்றோ? கண்முன் நிற்பது ஓர் ஊர். காதில் ஒலிப்பது மற்றோர் ஊர். நாளடைவில் முன்னதன் இரைச்சலில் பின்னது தேய்கிறது. அழுகையோ சோக இசையோ இன்றி, இவ்வுண்மையை நம்மை உணரச் செய்கிறார் இயக்குநர். இறுதியில், படகிலிருந்து நோக்க, மன்ஹாட்டன் நகர்ப்பகுதி மெல்ல மெல்ல விலகிச் செல்கிறது.

ஏறத்தாழ நாற்பது ஆண்டுகளுக்குப் பின், 2015-இல் வெளிவந்த 'நோ ஹோம் மூவி' என்னும் அவருடைய கடைசிப் படத்தில் அத்தாயாரை நாம் நேரில் காண்கிறோம். முதுமையுற்ற அவர் பிரஸ்ஸல்ஸ் வீட்டுச் சமையலறையில் மகளோடு உரையாடுகிறார். மகள் வெளிநாடு சென்றபோது கணினித் திரையின் வழியே பேசுகிறார். கடிதத்தின் இடத்தைக் கணினி பெற்றதேயன்றி, தாயாரின் கவலை மாறவில்லை. படம் வெளிவருமுன்பே, 2014-இல் அவர் மறைந்தார். அக்கெர்மானும் 2015-இல் காலமானார்.

இம்முயற்சிக்குப் பெரும் பொருட்செலவு தேவைப்படவில்லை. கடிதங்களைப் பத்திரப்படுத்தி வைத்த கருத்தே அதன் முதல். இக்காலத்தில் நம் வீட்டாரின் செய்தி பெரும்பாலும் தொலைபேசியிலேயே வருகிறது. பேசி முடித்ததும் அது காற்றோடு போய்விடுகிறது. அடுத்த முறை ஊருக்குச் செல்லும்போது, பெற்றோரை அமர்த்தி அவர்தம் இளமைக்கால வரலாற்றைக் கேட்டு, அவர்கள் குரலிலேயே பதிவு செய்து வைத்தல் நன்று. பழைய கடிதங்கள் இருப்பின் அவற்றையும் பேணுதல் வேண்டும். அதுவரை காத்திராமல், எழுதாது விட்ட மறுமொழி ஏதேனும் இருக்குமாயின், அதனை இன்றே எழுதிவிடலாம்.