குற்ற வழக்கில் இணக்கம்: மூன்று வினைகளும் ஒரு தமிழ்த் தொடரும்

மும்பையில் டிராம்பேயை அடுத்துள்ள சீத்தா கேம்ப், 1976-இல் ஜனதா காலனியிலிருந்து அப்புறப்படுத்தப்பட்டோர் குடியமர்த்தப்பட்ட இடமாகும். தமிழ், உருது, இந்தி, மராத்தி ஆகியன அருகருகே வழங்கும் இத்தகைய சூழலில் நீதிமன்ற ஆவணங்களை மொழிபெயர்ப்போர் எதிர்கொள்ளும் ஒரு சிக்கலை இக்கட்டுரை ஆராய முற்படுகிறது. இரு தரப்பாரும் இணங்கியதால் குற்ற வழக்கு முடிவுறுவதைத் தமிழ்ப் பேச்சு வழக்கு 'கேஸை வாபஸ் வாங்குதல்' என்னும் தொடராலேயே பெரிதும் குறிக்கிறது. அதன் எழுவாய் புகார் கொடுத்தவர். சட்டமோ வெவ்வேறு எழுவாய்களைக் கொண்ட மூன்று வினைகளைக் காட்டுகிறது.

2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 359ஆம் பிரிவின்படி (1973ஆம் ஆண்டுச் சட்டத்தில் 320) குறிப்பிட்ட சில குற்றங்களைப் பாதிக்கப்பட்டவரே இணக்கமாகத் தீர்த்துக்கொள்ளலாம். அவற்றுள் சிலவற்றிற்கு நீதிமன்ற அனுமதி வேண்டும். விளைவு, விடுதலை. 360ஆம் பிரிவின்படி (முன்னர் 321) வழக்கைத் திரும்பப் பெறுபவர் அரசு வழக்குரைஞர். 528ஆம் பிரிவின்கீழ் (முன்னர் 482) நடவடிக்கையை இரத்துச் செய்வது உயர்நீதிமன்றம்.

முதல் வினைக்குரிய 'காம்பவுண்டிங்' என்பதற்கு இந்திச் சட்டப் பனுவல் 'தணித்தல்' எனப் பொருள்படும் சொல்லை ஆள்கிறது. தமிழில் 'சமரசக் குற்றம்' எனச் சுருக்கினால் சமரசமே குற்றம் என்றாகிவிடும். வேடிக்கை என்னவெனில், பழைய ஆங்கிலச் சட்டத்தில் கையூட்டுப் பெற்றுக் குற்றத்தை மறைப்பது இதே சொல்லால் குறிக்கப்பட்ட குற்றமே. இந்திய தண்டனைச் சட்டத்தின் 213, 214ஆம் பிரிவுகள் அதைத் தண்டித்தன. சட்டப்படி இணங்கத்தக்கவற்றுக்கு மட்டும் விலக்களித்தன. நீளமாயினும் 'குற்றத்தை இணக்கமாகத் தீர்த்தல்' என்பதே ஏற்றது.

இவ்வேறுபாடு சொல்லாய்வோடு நிற்பதன்று. கணவரின் கொடுமை பற்றிய 498அ பிரிவு (இன்று பாரதிய நியாய சன்ஹிதாவின் 85) மகாராஷ்டிரத்தில் இணங்கத்தக்க குற்றமன்று. எனவே, தம்பதியர் இணங்கினாலும் கீழ் நீதிமன்றத்தில் வழக்கை முடிக்க இயலாது. மும்பை உயர்நீதிமன்றத்தை நாட வேண்டும். கியான் சிங் வழக்கில் (2012) உச்சநீதிமன்றம் குடும்பப் பூசல் போன்ற பெரிதும் தனிப்பட்ட தன்மையுடைய வழக்குகளை இணக்கத்தின்பேரில் இரத்துச் செய்யலாம் என்றது. கொலை, வன்புணர்ச்சி போன்றவற்றை விலக்கியது. அங்கு அப்பெண் அளிக்கும் உறுதியுரை 'இரத்துச் செய்வதில் எனக்கு ஆட்சேபணை இல்லை' என்பதே. இதனை 'புகாரை மறுக்கிறேன்' எனப் பெயர்த்தால், தாம் பொய்ப்புகார் அளித்ததாக அவரே ஒப்புக்கொண்டது போலாகும்.

'ராஜிநாமா' இன்னொரு கண்ணி. இந்தி, உருது வழக்கில் அது இணக்கப் பத்திரம். தமிழிலும் முன்னர் அப்பொருள் இருந்தது. இன்று பதவி விலகல் மட்டுமே நினைவுக்கு வருகிறது. மராத்தியிலும் அவ்வாறே.

இரத்துக் கோரும் மனுவில் மனுதாரர் பெரும்பாலும் குற்றம் சாட்டப்பட்டவர். புகார் கொடுத்தவர் எதிர்மனுதாரர். 'வாபஸ்' என்னும் சொல்லால் பழகிய மொழிபெயர்ப்பாளர் இவ்விருவரையும் இடம் மாற்றிவிட வாய்ப்புண்டு. பெயர்க்கத் தொடங்குமுன் மனுவின் முகப்பை நோக்குதல் தகும்.