வைஃபை சோதனையில் ‘கடவுச்சொல் கிடைக்கவில்லை’ என்று வந்தால் நிம்மதி அடையலாமா?

கிள்ளானில் எங்கள் வீட்டு வைஃபைக்கு அம்மாவின் கைப்பேசி எண்தான் கடவுச்சொல். அதை யாராவது கண்டுபிடிக்க முடியுமா என்று அறிய, சொற்பட்டியல் சோதனை ஒன்றைச் செய்து பார்த்தேன். ‘கிடைக்கவில்லை’ என்று கணினி காட்டியது. சந்தோஷப்பட்டது தப்பு என்று பிறகுதான் புரிந்தது.

திறன்பேசி வைஃபையில் இணையும்போது, ரௌட்டரோடு நான்கு செய்திகளைப் பரிமாறிக்கொள்ளும். ‘ஏர்கிராக்’ போன்ற மென்பொருளில் அதைப் பதிவு செய்து, பட்டியலில் உள்ள ஒவ்வொரு சொல்லையும் பொருத்திப் பார்ப்பதே இந்தச் சோதனை. பட்டியலில் இல்லாத சொல் எத்தனை மணி நேரம் ஓடவிட்டாலும் அகப்படாது.

எனவே முதலில் பதிவு சரியா என்று பாருங்கள். உங்கள் உண்மையான கடவுச்சொல்லையும் வேறு இரண்டு சொற்களையும் மட்டும் எழுதிச் சோதியுங்கள். அப்போதும் கிடைக்காவிட்டால் பதிவில்தான் கோளாறு. ரௌட்டருக்கு அருகில் சென்று, திறன்பேசியின் வைஃபையை அணைத்து மீண்டும் போட்டுப் பதிவு செய்யுங்கள். ‘டபிள்யூபிஏ3’ மட்டும் இயங்கும் ரௌட்டரில் இந்தச் சோதனை செல்லாது.

எனக்கு உடனே கிடைத்துவிட்டது. அப்படியானால் குறை பட்டியலில். பலரும் பயன்படுத்தும் ‘ராக்யூ’ பட்டியல், 2009இல் ஓர் அமெரிக்க நிறுவனத்திலிருந்து கசிந்த சுமார் 1.4 கோடி கடவுச்சொற்கள். வைஃபைக்குக் குறைந்தது 8 எழுத்து வேண்டும் என்பதால், அதில் கணிசமானவை தாமாகவே கழிந்துவிடும். நம்மவர்கள் வைக்கும் அடையாள அட்டை எண், வண்டி எண், பிள்ளையின் பெயரோடு பிறந்த ஆண்டு இவையெல்லாம் அதில் எங்கே இருக்கப் போகின்றன?

ஆனால் நம் ஊர்க்காரர் ஒருவர் முயன்றால் கதை வேறு. 01இல் தொடங்கும் பத்து இலக்கக் கைப்பேசி எண்ணில் மிச்சம் எட்டு இலக்கம்தான். மொத்தம் 10 கோடி எண்கள். விளையாட்டுக்கென வாங்கும் நல்ல கணினிக்கு அது சில நிமிட வேலை. 2021இல் இஸ்ரேலின் டெல் அவிவ் நகரில் ஓர் ஆய்வாளர் 5,000 வைஃபைகளைச் சோதித்து, 70 விழுக்காட்டுக்கு மேல் உடைத்தார். அங்கும் உடைபட்டவற்றில் பெரும்பாலானவை கைப்பேசி எண்கள்தான்.

சொந்த வைஃபையில் மட்டுமே இதைச் செய்யுங்கள். பிரிக்பீல்ட்ஸில் அறை எடுத்துத் தங்கியிருப்பவர்கள் வீட்டுக்காரரிடம் கேட்டுவிட்டுத் தொடுங்கள். அனுமதியின்றி அடுத்தவர் கணினிக்குள் நுழைந்தால், 1997ஆம் ஆண்டு கணினிக் குற்றச் சட்டப்படி 50,000 ரிங்கிட் வரை அபராதம், 5 ஆண்டு வரை சிறை, அல்லது இரண்டும் கிடைக்கலாம்.

எங்கள் வீட்டில் இப்போது ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத நான்கு தமிழ்ச் சொற்களை ரோமன் எழுத்தில் சேர்த்து வைத்திருக்கிறோம். ரொம்ப நீளம் என்று அம்மாவுக்குக் கோபம். தாளில் எழுதிக் குளிர்பெட்டியில் ஒட்டிவிட்டார்.