டாரட் கார்டு காட்டிய ‘கொலையாளி’... கோர்ட் என்ன சொன்னது?

2022 நவம்பர் 13. அமெரிக்காவின் ஐடஹோ மாகாணத்தில் மாஸ்கோ என்றொரு சின்ன ஊர். அங்கே ஒரு வாடகை வீட்டில் நான்கு கல்லூரி மாணவர்கள் கத்தியால் குத்திக் கொல்லப்பட்டார்கள். வாரக்கணக்கில் யாரும் கைதாகவில்லை. அந்த இடைவெளியில் டிக்டாக்கில் ‘துப்பறிவாளர்கள்’ கிளம்பிவிட்டார்கள்.

அவர்களில் ஒரு பெண் கிரியேட்டர், டாரட் கார்டுகளைப் பரப்பி வைத்து, அந்தப் பல்கலைக்கழகப் பேராசிரியை ஒருவர்தான் கொலைக்குக் காரணம் என்று வீடியோ மேல் வீடியோ போட்டார். நிறுத்தச் சொல்லி வக்கீல் நோட்டீஸ் போயும் அவர் நிறுத்தவில்லை. உயிருக்கே ஆபத்து வருமோ என்று பயந்த பேராசிரியை, டிசம்பரில் அவதூறு வழக்குப் போட்டார்.

அதே மாதம் 30-ம் தேதி போலீஸ் பிடித்தது வேறு ஆளை. பெயர் பிரையன் கோபர்கர். படித்துக்கொண்டிருந்தது குற்றவியலில் பிஎச்.டி! வீட்டில் கிடந்த கத்தி உறையில் இருந்த டி.என்.ஏ., கேமராக்களில் பதிவான வெள்ளைக் கார், செல்போன் டவர் பதிவுகள் எல்லாம் அவரை நோக்கியே கைகாட்டின. 2025 ஜூலையில் குற்றத்தை ஒப்புக்கொண்டார். நான்கு ஆயுள் தண்டனை கிடைத்தது.

பேராசிரியை மீதான குற்றச்சாட்டு பொய், அவதூறு என்று 2024-லேயே ஃபெடரல் நீதிமன்றம் சொல்லிவிட்டது.

யாரும் கைதாகாத அந்தக் கிட்டத்தட்ட ஏழு வாரமும் ஆதாரம் சேர்ந்துகொண்டுதான் இருந்தது. ஆனால், ஆதாரத்துக்கு நாளாகும். ஊகத்துக்கு ஒரு நிமிஷ வீடியோ போதும். ‘இவர்தான் கொலையாளி’ என்று அடுத்த ரீல் வந்தால், ஷேர் பண்ணும் முன் கேளுங்கள்: ஆதாரம் எங்கே?