கணக்கறிந்த குதிரையும் உளவியற் சோதனையும்

மனத்தை நிறுப்பதற்குத் தராசு இல்லை. அளப்பதற்குக் கோலும் இல்லை. ஆயினும் உளவியல் தன்னை ஒரு விஞ்ஞானம் என்றே கூறிக்கொள்கின்றது. அவ்வுரிமையை அதற்கு அளிப்பது யாது? சோதனை முறையே ஆகும். அம்முறையின் இயல்பை, ஜேர்மனியில் வாழ்ந்த ஒரு குதிரையின் வரலாறு நன்கு விளக்குகின்றது.

வில்ஹெல்ம் வொன் ஒஸ்ரென் என்பார் பேர்லின் நகரில் வாழ்ந்தவர். கணித ஆசிரியராயிருந்து ஓய்வு பெற்றவர். விலங்குகளுக்கும் சிந்திக்கும் ஆற்றல் உண்டென்பது அவருடைய உறுதியான நம்பிக்கை. ஹான்ஸ் என்னும் தம் குதிரைக்குப் பள்ளிப் பிள்ளைக்குக் கற்பிப்பது போலப் பொறுமையோடு பாடஞ் சொல்லிக் கொடுத்தார். மூன்றும் நான்கும் எத்தனை என்று வினவினால், குதிரை தன் குளம்பினால் நிலத்தை ஏழு முறை தட்டி நிற்கும். பின்னக் கணக்குகளுக்கும் அவ்வாறே விடை கூறும். இக்காட்சியைக் காண வந்தோரிடம் முதியவர் பணம் எதுவும் பெற்றாரல்லர்.

1904ஆம் ஆண்டில், உளவியலறிஞர் கார்ல் ஸ்ரும்ப் தலைமையில் அமைந்த குழுவொன்று இக்குதிரையை ஆராய்ந்தது. சூழ்ச்சி எதுவும் இல்லை என்பதே அக்குழுவின் முடிவு. உரிமையாளர் அருகில் இல்லாதபோதும், பிறர் கேட்ட வினாக்களுக்குக் குதிரை விடை கூறிற்று. வஞ்சனை இல்லையாயின், குதிரை கணக்கறியும் என்பதுதானே பொருள்? பலர் அவ்வாறே எண்ணினர்.

ஸ்ரும்பின் மாணாக்கராகிய ஒஸ்கார் புங்ஸ்ற் அவ்வளவில் அமைதி கொள்ளவில்லை. குதிரை விடை கூறுகின்றதா என்று கேளாது, எந்நிலைமையிற் கூறுகின்றது, எந்நிலைமையில் தவறுகின்றது என்று கேட்டார். ஏனையவற்றை மாற்றாது வைத்து, ஒன்றை மாத்திரம் மாற்றிப் பார்த்தார். இலக்கம் எழுதிய அட்டைகளை, வினவுவோர் ஒருமுறை தாம் பார்த்தபின் குதிரைக்குக் காட்டினர். மறுமுறை தாம் பாராமலே காட்டினர். வினவுவோர் இலக்கத்தை அறிந்திருந்தபோது விடை பெரும்பாலும் சரியாயிற்று. அறியாதிருந்தபோது பெரும்பாலும் பிழையாயிற்று. வினவுவோரைக் குதிரை காணாதவாறு மறைத்தபோதும் அது தடுமாறிற்று.

உண்மை வெளியாயிற்று. வினவியவர் குதிரையின் காலைப் பார்க்கத் தலையைச் சற்றே குனிவார். குதிரை தட்டத் தொடங்கும். சரியான எண் வந்ததும் அவர் தலை மயிரிழையளவு நிமிரும், குதிரை நின்றுவிடும். இவ்வசைவைச் செய்தவர்களே அதனை அறிந்திலர். புங்ஸ்ற் பின்னர்த் தாமே குதிரையின் இடத்தில் இருந்து, பிறர் மனத்தில் நினைத்த எண்களை அவர்களுடைய தலையசைவைக் கண்டே தட்டிக் காட்டினார். தம் ஆய்வை 1907ஆம் ஆண்டில் நூலாக வெளியிட்டார். முதியவரோ அம்முடிவை ஏற்கவில்லை. 1909ஆம் ஆண்டிற் காலமானார். அவர் எவரையும் ஏமாற்றியவர் அல்லர். தம் நம்பிக்கையினால் தாமே ஏமாந்தவர்.

குதிரைக்கு நேர்ந்தது ஆய்வுகூடத்திலும் நேரும். அமெரிக்க அறிஞர் றொபேட் றோசந்தாலும் அவருடன் ஆய்ந்த ஒருவரும் 1963ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்வு இதனைக் காட்டிற்று. மாணவர் பன்னிருவருக்கு ஐந்தைந்து எலிகள் கொடுக்கப்பட்டன. சிலரிடம் அவை கூரறிவுடைய இனம் என்றும், ஏனையோரிடம் மந்த இனம் என்றும் சொல்லப்பட்டது. உண்மையில் அவற்றிடையே அத்தகைய வேற்றுமை இல்லை. ஆயினும் கூரறிவுடையன எனப்பட்ட எலிகளே வழியறிவதில் மேம்பட்டன. அவற்றை மாணவர் அதிக மென்மையோடு கையாண்டதாகவும் தெரிவித்தனர்.

இவ்வபாயத்தைத் தடுப்பதற்கே விதிகள் எழுந்தன. யாரை எந்தப் பிரிவிற் சேர்ப்பது என்பதை ஆய்வாளர் தம் விருப்பப்படி தெரியாது, திருவுளச்சீட்டுப் போன்ற முறையால் தீர்மானிப்பர். சோதனைக்கு உட்படுவோரும், அவர்களை அளப்போரும், யார் எப்பிரிவினர் என்பதை முடிவுவரை அறியாதிருப்பர். இவ்விதிகள் ஆய்வாளரின் நேர்மையை ஐயுற்று எழுந்தவை அல்ல. நேர்மையுடையோரும் தாம் எதிர்பார்ப்பதையே காண்பர் என்பதை உணர்ந்து எழுந்தவை.

ஆசிரியரின் எதிர்பார்ப்பு மாணவரின் தேர்ச்சியைப் பாதிக்குமா என்ற வினாவை, றோசந்தால் 1968ஆம் ஆண்டில் வெளிவந்த நூலொன்றில் எழுப்பினார். அப்பாதிப்பு எவ்வளவு என்பதில் அறிஞரிடையே கருத்து வேற்றுமை உண்டு. எனினும், ஒரு பிள்ளையை மந்தபுத்தியுள்ளவன் என்று தீர்ப்புக் கூறுமுன், அத்தீர்ப்பில் பிள்ளையின் பங்கு எவ்வளவு, தம் பங்கு எவ்வளவு என்று ஆராய்வது பெரியோர் கடனாகும்.