ஹேர்மன் ஹெஸ்ஸேயும் கீழைத்தேச ஞானமும்

ஒரு நாட்டைக் கண்ணாற் காண்டல் வேறு. அதன் உள்ளத்தை உணர்தல் வேறு. இவ்வுண்மைக்குத் தக்க சான்றாக விளங்குபவர், 1946 ஆம் ஆண்டில் இலக்கியத்திற்கான நோபெல் பரிசைப் பெற்ற ஜேர்மன் எழுத்தாளர் ஹேர்மன் ஹெஸ்ஸே. பாரதநாட்டுச் சிந்தனையைப் பொருளாகக் கொண்டு 'சித்தார்த்த' என்னும் நாவலை இயற்றிய அவர், பாரதநாட்டின் பெருநிலத்தை மிதித்தாரல்லர். இலங்கைவரை வந்து மீண்டவர். இங்கு நாடிவந்து பெறாத பொருளை அவர் பின்னர் எங்ஙனம் பெற்றார் என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஹெஸ்ஸே 1877 ஆம் ஆண்டு தென்ஜேர்மனியிலுள்ள கால்வ் என்னும் சிற்றூரிற் பிறந்தார். அவர்தம் தாய்வழிப் பாட்டனார், மலையாள மொழிக்கு இலக்கணமும் 1872 இல் அகராதியும் அளித்த ஹேர்மன் குண்டர்ட் ஆவர். அன்னையார் மேரி, 1842 இல் தலைச்சேரியிற் பிறந்தவர். தந்தையாரும் மலையாளக் கரையிற் சில காலம் கிறித்துவ சமயப்பணி புரிந்தவரே. ஆகவே கீழைத்தேச நூல்களும் பொருள்களும் கதைகளும் நிறைந்த இல்லத்திலே அவர் வளர்ந்தார். எனினும் குடும்பத்தார் விரும்பிய சமயக் கல்வி அவருக்குப் பொருந்தவில்லை. 1892 இல் மவுல்புறொன் குருமடத்தினின்றும் தப்பியோடினார். கடிகாரத் தொழிற்சாலையிலும் புத்தகசாலையிலும் தொழில் பயின்றார். 1904 இல் வெளிவந்த 'பீற்றர் கமென்சின்ட்' என்னும் நாவலாற் புகழ் எய்தினார்.

1911 ஆம் ஆண்டில், ஓவியர் ஹான்ஸ் ஸ்ரூர்சனெக்கருடன் கீழைத்தேசத்திற்குக் கப்பலேறினார். மலாயாவையும் சுமாத்திராவையும் கண்டபின் இலங்கையை அடைந்து, கண்டி மாநகரில் தங்கினார். பீதுருதலாகலை உச்சியிலும் ஏறினார். ஆயின் வெப்பமும் வயிற்றுநோயும் அவரை வருத்தின. கண்டியிற் கண்ட வழிபாடு, நூல்களிற் கற்ற பௌத்தத்தோடு ஒவ்வாததாக அவருக்குத் தோன்றிற்று. அன்னையார் பிறந்த மலையாளக் கரையைக் காணாமலே ஊர் திரும்பினார். இவ்வேமாற்றத்திற்கு நம் நாட்டைக் குறைகூறல் பொருந்தாது. பாட்டனாரோ 1836 முதல் 1859 வரை இந்தியாவில் வாழ்ந்து, மக்கள் மொழிகளைக் கற்றவர். பேரரோ, மொழியறியாது, சில கிழமைகளே இங்கு தங்கிய பிரயாணி. மனத்திற் புனைந்த ஓவியத்தைத் தெருவிலே தேடினால் அது எங்ஙனம் கிட்டும்?

அவருக்குற்ற மெய்யான சோதனை 1914 இல் மூண்ட முதலாம் உலகப் போரேயாகும். ஜேர்மன் அறிஞர் பலர் பகைமைப் பாட்டிசைத்த வேளையில், சுவிற்சர்லாந்தில் வாழ்ந்த ஹெஸ்ஸே, அவ்வாண்டு நவம்பர் 3 ஆம் நாள் சூரிச் நகரப் பத்திரிகையொன்றில், 'நண்பர்களே, இத்தொனிகள் வேண்டா' என்னும் கட்டுரையை வெளியிட்டார். பகைவர்தம் கலையையும் நூல்களையும் வெறுத்தல் எழுத்தாளர்க்கு அழகன்று என்பதே அதன் சாரம். அவர் தாய்நாட்டை வெறுத்தவரல்லர். போர்க்கைதிகளான ஜேர்மானியர்க்கு நூல்கள் அனுப்பும் பணியைப் போர்க்காலத்திற் செய்தவர். இருந்தும் பத்திரிகைகள் அவரைத் துரோகி எனத் தூற்றின. நண்பர் பலர் விலகினர். அக்காலத்தில் நட்புக்கரம் நீட்டியவர், பின்னாளில் இராமகிருஷ்ண பரமஹம்சர், விவேகானந்தர் ஆகியோரின் சரிதங்களை எழுதிய பிரெஞ்சு அறிஞர் றோமெயின் றோலண்ட் ஆவர். 1916 இல் தந்தையார் மறைந்தார். மனைவியார் மனநோய்க்கு ஆளானார். ஹெஸ்ஸேயும் மனநோய் மருத்துவரை நாடவேண்டியவரானார்.

இத்துன்பங்களின்பின் 1919 இல் தொடங்கப்பெற்றதே 'சித்தார்த்த'. அது புத்தர் பெருமானின் சரிதமன்று என்பதை மாணவர் மனங்கொள்ளல் வேண்டும். கதைத்தலைவன், புத்தர் காலத்து வாழ்ந்தவனாகப் புனையப்பெற்ற அந்தண மைந்தன். அவன் புத்தரைக் கண்டு வணங்கியும் சீடனாகாது செல்கின்றான். இன்பத்திலும் பொருளிலும் ஆழ்ந்து, அவற்றை வெறுத்து, ஈற்றில் ஓடக்காரன் ஒருவனோடு ஆற்றங்கரையில் வாழ்ந்து தெளிவடைகின்றான். தேடுவோனின் வேட்கையைத் தடையின்றி எழுதிய ஹெஸ்ஸே, அவன் அடைந்த அமைதியைக் கூறவேண்டிய இடத்தில் எழுதுகோலைக் கீழே வைத்துவிட்டார். தாம் அநுபவியாததைப் பிறர்க்குக் கூற அவர் மனம் ஒப்பவில்லை. ஓராண்டிற்கு மேலாக நின்ற பணி, 1922 இலேதான் நூலாக நிறைவெய்திற்று. முதற்பகுதியை அவர் றோலண்டுக்கே உரித்தாக்கினார். திருலோக சீதாராம் இந்நாவலைத் தமிழில் மொழிபெயர்த்துள்ளார்.

ஹிற்லர் ஆட்சியிலும் அவர்தம் நெறி பிறழவில்லை. நாடு நீங்கிய எழுத்தாளர்க்கு அவரது மொந்தஞோலா இல்லம் அடைக்கலமாயிற்று. ஜேர்மனியில் வெளியிட இயலாது போன அவரது 'கண்ணாடிமணி விளையாட்டு' என்னும் பெருநாவல் 1943 இற் சூரிச்சில் வெளிவந்தது. 1962 ஆகஸ்ட் 9 இல் அவர் காலமானார்.

ஹெஸ்ஸேயை வேதாந்தி எனப் போற்றுதல் மிகையாகும். அவர் தம் வழியே சென்ற மேனாட்டார். ஆயினும் கீழைத்தேச ஞானத்தை அவர் அணுகியது கப்பலேறி வந்தபோதன்று. நாடே பகைமையில் மூழ்கிய வேளையில் மனச்சான்றுக்கு அடங்கி, அதன் விலையைச் செலுத்தியபோதே என்பது என் துணிபு. ஞானம் ஒருவர் சொல்ல மற்றவர் பெறத்தக்கதன்று என்பதே அந்நாவலின் கருத்தாயின், அஃது ஆசிரியராகிய எம்மை அடக்கமுறச் செய்வது. நெடும்போரொன்றைக் கண்டு 2009 இற் கடந்த இந்நாட்டு மாணவர்க்கோ, அவரது வாழ்வு ஒரு வினாவை விடுக்கின்றது: தம்மவர் அனைவரும் வெறுப்பை மொழியும்போது, வெறுக்க மறுக்கும் தனிக்குரலாக நிற்கும் திண்மை நமக்குண்டா? அவ்வினாவிற்கு விடை நூல்களில் இல்லை. அவரவர் வாழ்விலே உள்ளது.