சாரத்தின் மீது ஒன்றரை ஆண்டு
ஸ்பெயின் நாட்டின் பார்சிலோனா நகரில், துறைமுகத்தை அடுத்துள்ள பகுதி ராவால். கூலிக்காரர்களும் மாலுமிகளும் நெருக்கியடித்து வாழ்ந்த பேட்டை. சீனர்கள் குடியிருந்த இடமன்று. ஆயினும் ‘சீனப் பேட்டை’ என்றொரு பட்டப்பெயர் அதற்குண்டு. 1990-களின் இறுதியில் அங்கே பழைய வீடுகளை இடித்து அடுக்குமாடி எழுப்பினார்கள். அந்த வேலையைக் கூடவே இருந்து படம் பிடித்தார் ஹோசே லூயிஸ் கெரின் என்னும் டைரக்டர். 2001-ல் வெளிவந்த அந்த டாக்குமெண்டரியின் பெயர் ‘என் கன்ஸ்ட்ருக்சியோன்’. ‘கட்டுமானம் நடைபெறுகிறது’ என்று பொருள்.

நட்சத்திரங்கள் இல்லை. விளக்கம் சொல்லும் பின்னணிக் குரலும் இல்லை. பல்கலைக்கழக மாணவர்கள் சிலர் துணையுடன் ஒன்றரை ஆண்டு அங்கேயே கிடந்து, நூறு மணி நேரத்துக்கு மேல் பதிவு செய்து, இரண்டு மணி நேரப் படமாகச் சுருக்கினார் கெரின். சில உரையாடல்களுக்கு அவரே சந்தர்ப்பம் அமைத்துக் கொடுத்ததுண்டு. ஆனால் யாரும் எழுதிக் கொடுத்ததை ஒப்பிக்கவில்லை.

மொராக்கோவிலிருந்து பிழைக்க வந்த கொத்தனார் ஒருவர் சாரத்தின் மேல் நின்று தொழிலாளர் உரிமை பேசுகிறார், தனிமையைப் பற்றிப் பேசுகிறார். உடன் வேலை செய்யும் ஸ்பானியருக்கு அதிலெல்லாம் நாட்டமில்லை. பனி கொட்டுகிறது. இளம் தொழிலாளி ஒருவன் எதிர் மாடிப் பெண்ணிடம் பேச்சுக் கொடுத்துப் பார்க்கிறான். கூலிவேலை என்றால் அழுகை மட்டுந்தான் என்று காட்டும் படங்களைப் பார்த்து அலுத்தவர்களுக்கு இது நல்ல மாற்று.

அஸ்திவாரம் தோண்டும்போது ரோமானியர் காலத்து எலும்புக்கூடுகள் கிடைக்கின்றன. பேட்டையே திரண்டு வந்து எட்டிப் பார்க்கிறது. இது யாருடைய எலும்பு, எப்போது செத்தார்கள் என்று ஆளுக்கொரு தீர்ப்புச் சொல்கிறார்கள். சொற்பொழிவு எதுவுமின்றி ஒரு ஊரின் மனம் முழுவதும் இங்கே தெரிந்துவிடுகிறது. படத்தின் சிறந்த பகுதி இதுவே. இன்னோர் இரவு, பிரமிடு கட்டும் பழைய ஹாலிவுட் படம் ஒன்று வீடுகள்தோறும் டெலிவிஷனில் ஓடுகிறது. அந்தப் பொருத்தத்தை டைரக்டர் சுட்டிக்காட்டுவதில்லை.

சான் செபாஸ்டியன் திரைப்பட விழாவில் இப்படத்துக்கு நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு கிடைத்தது. பிறகு ஸ்பெயினின் கோயா விருதும் வந்தது.

வேலை முடியுமுன்பே வீடு வாங்க வசதியுள்ளவர்கள் வந்துவிடுகிறார்கள். ஜன்னலைத் திறந்து பார்க்கிறார்கள். அக்கம்பக்கம் எப்படி என்பதே அவர்கள் கவலை. கட்டியவர்களில் ஒருவரும் அங்கே குடியேறப் போவதில்லை. பேட்டையில் தட்டுக்கெட்டு வாழ்ந்த ஓர் இளம் ஜோடியும் இருந்த இடத்தை விட்டு வெளியேற வேண்டியதாகிறது. கடைசிக் காட்சியில் அந்தப் பெண் தன் துணைவனை முதுகில் சுமந்துகொண்டு தெருவில் நடக்கிறாள். காமிரா அவளுக்கு முன்னால் பின்வாங்கிக்கொண்டே போகிறது.